சோறு வேகும் ஓசை

தலீத்தா பானையின் பக்கம் காதைச் சாய்த்திருக்கிறாள். உள்ளே எத்தனை பருக்கை வெந்தது, எத்தனை பாக்கி என்று அப்படியே எண்ணிச் சொல்லிவிடுவாள். சரி, எண்ணமாட்டாள், அது நான் கூட்டிச் சொன்னது. ஆனால் மூடியை ஒரு தரம்கூடத் திறக்காமல், கஞ்சி வடிக்காமல், ஐம்பது பேருக்குப் பொலபொலவென்று சோறாக்க ஆஸ்திரேலியாவின் வடக்கே எங்கள் தேர்ஸ்டே தீவில் அவளை விட்டால் ஆளில்லை. இதில் பொய் கிடையாது.

அரிசியை மூன்று தண்ணீர் கழுவுவாள். அரிசிமேல் நடுவிரலை நட்டுத் தண்ணீர் வைப்பாள். வீட்டுக்கு ஒரு கணு, விருந்துக்கு இரண்டு. கொதித்ததும் தீயைக் குறைத்து, மூடிக்குத் துணி சுற்றி மூடுவாள். பிறகு கேட்பதுதான் வேலை. தளதளப்பு அடங்கி, அடியில் மெல்லப் பொரியும் சத்தம் வரும். அந்த நொடியில் அடுப்பை அணைக்க வேண்டும். தவறினால் ஐம்பது தட்டிலும் தீய்ந்த வாசம்தான். அதன்பிறகும் யாராவது மூடியில் கை வைத்தால், "தூங்கும்போது உன் போர்வைய நான் இழுக்கிறேனா? அதையும் தூங்க விடு" என்பாள்.

இந்த வருடம் காது மந்தமாகிவிட்டது. உரக்கப் பேசினால் கேட்கும். சோற்றின் முணுமுணுப்பு கேட்காது. போன மாதம் ஒரு பானை தீய்ந்தேபோனது. அதனால், இறந்துபோன அவள் அண்ணனின் கல்லறைக் கல்லைத் துணி விலக்கித் திறந்து ஊருக்கு விருந்து வைக்கும் நாளில், அண்ணன் மனைவி டோர்காஸ் நான்கு மின்சாரக் குக்கர்களோடு வந்து இறங்கினாள்.

"எதுக்கு அண்ணி இது?"

"எதுக்கும் இருக்கட்டும்னுதான்."

"எங்க அண்ணனுக்கு நான்தான் ஆக்குவேன். இன்னிக்கும் தீஞ்சா, இனிமே எல்லா விருந்துக்கும் உங்க டப்பாவே ஆக்கட்டும். நான் தட்டு கழுவறேன்."

"கத்தாதடி. எனக்குக் காது நல்லாவே கேக்குது."

தலீத்தா பானையருகே குனிந்தாள். முற்றத்தில் மேளம் தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பின்னால் நின்ற டோர்காஸ், அவள் முதுகில் ஒட்டியிருந்த மாவை இரண்டு தட்டுத் தட்டிவிட்டாள். தலீத்தா அடுப்பை அணைத்தாள்.

மூடி திறந்தபோது ஒவ்வொரு பருக்கையும் அடுத்ததோடு கோபம் என்பதுபோல விலகி நின்றது. ஆமைக்கறியோடு எல்லாரும் இரண்டாம் முறை வாங்கினார்கள். குக்கர்கள் பெட்டி பிரிக்காமலே கிடந்தன.

"இவ காதையா மந்தம்னீங்க?" என்று பந்தி முழுக்கக் கேட்கும்படி நான் சொன்னேன்.

தலீத்தா கரண்டியை வைத்தாள்.

"என் காது இல்ல," என்றாள். "எப்ப அணைக்கணும்னு இந்தக் கைதான் முதுகுல தட்டிச்சு."

டோர்காஸின் கையைப் பிடித்து, எல்லாரும் பார்க்க உயர்த்தினாள்.