பொழுது சாய்வதற்குள் பார்த்த கோபுரங்கள்

திருவண்ணாமலையில் கிரிவலம் தவிர வேறென்ன பார்க்கலாம் என்று போன மாதம் இரண்டு பேர் கேட்டிருந்தார்கள். கோயிலையும் அதைச் சுற்றியுள்ள வீதிகளையும் ஒரு முழுநாள் நடந்தே பாருங்கள், சாமி கும்பிடுவதற்கு மட்டும் அல்ல, கட்டடங்களைப் பார்ப்பதற்காகவும் நடங்கள் என்று பதில் எழுதினேன். நான் அப்படி ஒருமுறை நடந்திருக்கிறேன். எண்பதுகளின் தொடக்கம் அது. ஊர் அப்போது வடஆற்காடு மாவட்டத்தில் இருந்தது. அந்தப் பயணத்தைப் பற்றி எழுத என் அக்கா இப்போதுதான் சம்மதித்தாள்.

நான் சென்னையில் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். அக்கா சரோஜா என்னைவிட ஆறு வயது மூத்தவள். பெரம்பூரில் ஆரம்பப் பள்ளி ஆசிரியை. அந்த வருடம் மார்கழியில் அவளைக் கண் மருத்துவமனைக்கு அழைத்துப் போனேன். கொஞ்ச நாளாகவே இருட்டினால் தடுமாறிக்கொண்டிருந்தாள். கண்ணாடி மாற்றினால் சரியாகிவிடும் என்று நினைத்துத்தான் போனோம். மருத்துவர் வெகுநேரம் பரிசோதித்துவிட்டுச் சொன்னார்: முதலில் இருட்டில் பார்வை போகும், பிறகு பகலிலும் ஓரங்கள் மறையும், வளையல் வழியாகப் பார்ப்பது போல ஆகும், அப்புறம் மோதிரம் வழியாக. எத்தனை வருடம் என்று சொல்ல முடியாது. மருந்து இல்லை.

திரும்பி வரும்போது அக்கா ஒன்றே ஒன்றுதான் சொன்னாள். "மாமாகிட்ட இப்ப சொல்லாத, வசந்தா." மாமா என்று நான் கூப்பிடுவது அவள் கணவரை.

பொங்கல் முடிந்து ஒரு வாரம் கழித்து அவளே எக்ஸ்சேஞ்சுக்கு வந்தாள். எங்காவது போக வேண்டும், நிறையப் பார்க்கிற மாதிரி ஒரு ஊருக்கு என்றாள். என்னோடு வேலை பார்த்த பெண் ஒருத்தி, திருவண்ணாமலையில் ஒரு டிராயிங் டீச்சர் விடுமுறை நாட்களில் ஆட்களைக் கூட்டிக்கொண்டு கோபுரங்களையும் வீதிகளையும் நடந்து காட்டுகிறார் என்று முன்பே சொல்லியிருந்தாள். அங்கே போவதென்று முடிவானது. மாமாவிடம் கோயிலுக்குப் போகிறோம் என்றோம். அது பொய்யும் இல்லை.

வெள்ளிக்கிழமை காலை ஏழு மணிக்குச் சென்னையில் பஸ். திண்டிவனம், செஞ்சி வழியாக நூற்றுத் தொண்ணூறு கிலோமீட்டர், ஐந்தரை மணி நேரம் ஆனது. செஞ்சிக் கோட்டை வந்தபோது அக்கா ஜன்னலுக்கு வெளியே முகத்தை நீட்டினாள். தலையை மெதுவாக இடமிருந்து வலமாகத் திருப்பி, மலையைப் பகுதி பகுதியாகச் சேர்த்துப் பார்த்தாள். ஓரங்கள் ஏற்கெனவே போய்க்கொண்டிருக்கின்றன என்று எனக்கு அப்போதுதான் தெரிந்தது. பஸ் நிலையத்தில் இறங்கி ஜட்கா வண்டி பிடித்தோம். தேரடித் தெருவுக்குப் பக்கத்தில் ஒரு லாட்ஜ். அறை சுமார்தான், ஆனால் ஜன்னலைத் திறந்தால் ராஜகோபுரத்தின் மேல் நிலைகள் தெரிந்தன.

முன்பே கடிதம் போட்டிருந்தபடி மறுநாள் காலை ஆறரைக்கு ராஜகோபுரத்தின் எதிரே டீச்சர் காத்திருந்தார். பெயர் சாந்தகுமாரி. நாற்பது வயதிருக்கும். உரத்த குரல், கையில் கறுப்புக் குடை. சேலத்திலிருந்து வந்த ஒரு தம்பதியும் சேர்ந்துகொண்டார்கள். டீச்சர் குடையின் நுனியால் கோபுரத்தைக் காட்டித் தொடங்கினார்.

"கீழ ரெண்டு நெலையும் கருங்கல்லு. அதுக்கு மேல பூரா செங்கல்லும் சுண்ணாம்பும். மேல போகப் போக எடை கம்மியாவணும் இல்லீங்களா? பதினோரு நெலை, இருநூத்திப் பதினேழு அடி. பொம்மைங்கள்லாம் சுதை. யாரும் எண்ணாதீங்க, எண்ண ஆரம்பிச்சா பாக்க மாட்டீங்க."

கோபுர வாசலுக்குள் நுழைந்தோம். வெளியே கூசும் வெயில், உள்ளே கருங்கல் இருட்டு. இரண்டு பக்கச் சுவர்களிலும் நடனமாடும் பெண்களைச் செதுக்கியிருந்தார்கள். டீச்சர் ஒவ்வொன்றாகக் காட்டிக்கொண்டே போனார். நான் அவற்றைப் பார்த்துக்கொண்டு அக்காவின் கையை விட்டுவிட்டேன்.

கூடை கவிழும் சத்தம் கேட்டது. சுவரோரம் உட்கார்ந்திருந்த பூக்காரப் பெண்ணின் மேல் அக்கா இடித்துவிட்டாள். கட்டிய சரமெல்லாம் தரையில்.

"இன்னாம்மா, கண்ணு தெர்லியா உனக்கு? குத்துக்கல்லாட்டம் உக்காந்துகினு இருக்கேன், மேலயே வந்து வுழுற!"

யாரும் யாரையும் கேட்கிற கேள்விதான். அக்கா குனிந்து, தரையைக் கையால் தடவித் தடவிப் பூவைப் பொறுக்கிக் கூடையில் போட்டாள். அந்தப் பெண் சட்டென்று அடங்கிப்போனாள். "சரி வுடும்மா, நான் எடுத்துக்கறேன்" என்றாள். அதற்குப் பிறகு அன்று முழுவதும் டீச்சர் படி வரும் இடங்களில் "படி இருக்குங்க" என்று பொதுவாகச் சொல்லிக்கொண்டே நடந்தார்.

ஆயிரங்கால் மண்டபம், குளம், உள் கோபுரங்கள் என்று பத்தரை மணி வரை ஆனது. சேலம் தம்பதி தரிசன வரிசைக்குப் போய்விட்டார்கள். நாங்கள் மூவரும் வெளியே வந்து மாட வீதிகளைச் சுற்றினோம். முழுச் சுற்றும் இரண்டு கிலோமீட்டர் போல இருக்கும். தகரக் கொட்டகைக்குள் நின்ற பெரிய தேரின் மரச் சிற்பங்களை இடுக்கு வழியாகப் பார்த்தோம். கடைகளுக்கு மேலே மாடிச் சுவர்களில் இருந்த சுண்ணாம்புப் பொம்மைகளை டீச்சர் காட்டினார்: கிளி, சிங்கம், துப்பாக்கி பிடித்த வெள்ளைக்காரச் சிப்பாய். மேற்கே பே கோபுரத்தின் பின்னால் மலை எழுந்து நின்றது. மதியம் சாப்பிட்டு இளைப்பாறிவிட்டு, வெயில் தாழ வடக்கு வீதிக்கு வந்தோம். அம்மணி அம்மன் கோபுரத்தைக் காட்டி, "ஒரு பொம்பளை வீடு வீடா போய்க் கேட்டுக் கட்டினதுனு சொல்வாங்க" என்றார். அக்கா அங்கே வெகுநேரம் நின்றாள். கழுத்தை அண்ணாந்து, தலையை இப்படியும் அப்படியும் திருப்பினாள். கிட்டத்தில் நின்றதால் கோபுரம் அவளுக்குத் துண்டு துண்டாகத்தான் கிடைத்தது.

மணி ஐந்தைத் தாண்டியதும் அக்காவுக்குப் பரபரப்பு வந்துவிட்டது. "போலாம் வசந்தா, பொழுது சாயறதுக்குள்ள ரூமுக்குப் போயிடணும்."

டீச்சர் முகம் மலர்ந்தது. "அட, நீங்களும் ஜைனமா? நானும் அதான். எங்க வீட்லயும் வெளிச்சம் இருக்கறப்பவே சாப்ட்டுடுவோம். வாங்க, ரெண்டு தெரு தள்ளிதான் வீடு. சேந்தே சாப்ட்டுடலாம்."

ஆமாம் என்று ஒரு வார்த்தை சொல்லித் தப்பித்திருக்கலாம். நானே அப்படிச் சொல்ல வாயெடுத்தேன். அக்கா முந்திக்கொண்டாள்.

"இல்லீங்க டீச்சர். எனக்குக் கண்ணு போயிட்டிருக்கு. இருட்டினா ஒண்ணும் தெரியாது. கொஞ்ச நாள்ல பகல்லயும் தெரியாதுனு சொல்லிட்டாங்க. எங்க வீட்டுக்காரருக்கே இன்னும் சொல்லல."

வீதியில் சைக்கிள்கள் போய்க்கொண்டிருந்தன. டீச்சர் குடையை மடக்கிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு அக்காவின் கையைப் பிடித்தார். "மொதல்ல சாப்பிடுங்க" என்று வீட்டுக்கு அழைத்துப் போனார்.

ஜன்னல் வெளிச்சத்தில் உட்கார்ந்து சோறும் கீரைக் கூட்டும் சாப்பிட்டோம். சாப்பிட்டு முடித்த பிறகு அக்காவிடம் கேட்டார். "இன்னிக்கி பாத்ததுல எது நல்லா தெரிஞ்சிது?"

"எதுவுமே முழுசா தெரியல. காலைப் பாத்தா தலை இல்ல, தலையைப் பாத்தா கால் இல்ல."

டீச்சர் யோசித்தார். "நான்தான் தப்பான எடத்துல நிக்க வெச்சிட்டேன். நாளைக்கி காலையில மலை மேல செத்த ஏற முடியுமா? வெய்யில் ஜாஸ்தியாவறதுக்குள்ள எறங்கிடலாம்."

ஞாயிற்றுக்கிழமை நன்றாக விடிந்த பிறகு பே கோபுரத் தெருவிலிருந்து மலைப்பாதையில் ஏறினோம். மலை அப்போது மொட்டைப் பாறை. டீச்சர் முன்னால், அக்கா நடுவில், நான் பின்னால். அரை மணி நேரம் ஏறியதும் ஒரு திருப்பத்தில் டீச்சர் நின்று, அக்காவின் தோளைப் பிடித்து ஊர்ப் பக்கமாகத் திருப்பினார்.

"இப்ப பாருங்க."

கீழே கோயில் முழுவதும் கிடந்தது. நான்கு பக்கமும் நான்கு பெரிய கோபுரங்கள், உள்ளே ஐந்து சின்னவை, குளங்கள், மதில், மதிலுக்கு வெளியே வீதிகள். அக்கா தலையைத் திருப்பவில்லை. திருப்ப வேண்டிய தேவை இருக்கவில்லை. அவளிடம் மிச்சமிருந்த அந்தச் சின்ன வட்டத்துக்குள் அத்தனையும் அடங்கிவிட்டன.

"தெரியுது" என்றாள். "ஒம்போதும் தெரியுது." கொஞ்ச நேரம் கழித்து அழுதாள். அழுதால் கண் மறைக்கிறது என்று முந்தானையால் துடைத்துத் துடைத்துப் பார்த்தாள். டீச்சர் பாறையில் உட்கார்ந்து, கோபுரத்துக்குக் கோபுரம் பெயர் சொன்னார். அக்கா திருப்பிச் சொன்னாள். பள்ளிப் பிள்ளை பாடம் ஒப்பிப்பது போல இரண்டு முறை, மூன்று முறை.

கிளம்பும்போது டீச்சரிடம் அவள் சொன்னது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. "உங்ககிட்ட சொல்லிட்டேன். இனிமே அவர்கிட்டயும் சொல்லிடுவேன்."

வீட்டுக்குப் போனதும் சொல்லிவிட்டாள். மாமா கேட்டது ஒன்றுதான்: "ஊர் பேர் தெரியாத டீச்சருக்குத் தெரியும், எனக்குத் தெரியாதா?" இரண்டு நாள் அவளோடு பேசவில்லை. மூன்றாம் நாள் குளியலறைக்குப் போகிற நடையில் ஒரு பல்பு மாட்டினார். அன்று மாலையிலிருந்து அவள் பள்ளி விட்டு வரும் பஸ் நிறுத்தத்தில் டார்ச்சோடு நிற்க ஆரம்பித்தார். மதுரையில் கண் மருத்துவமனைக்கும் கூட்டிப் போனார், அங்கேயும் அதே பதில்தான். மேலும் எட்டு வருடம் அக்கா பாடம் எடுத்தாள். பிறகு முடியவில்லை. இப்போது வெளிச்சம் எந்தப் பக்கம் என்பது மட்டும் தெரியும்.

போகிறவர்களுக்குச் சில வார்த்தைகள். தை, மாசி மாதங்கள் நல்லது, பௌர்ணமியைத் தவிர்த்துவிடுங்கள். கிழக்கில் தொடங்கித் தெற்கு, மேற்கு, வடக்கு என்று சுற்றினால் வெயில் அதிகம் தொந்தரவு செய்யாது. வாசலுக்குள் நுழைந்ததும் கண் பழகும்வரை ஒரு நிமிடம் நில்லுங்கள், நடனச் சிற்பங்களைப் பலரும் கடந்து போய்விடுகிறார்கள். மலைப்பாதைக்குத் தண்ணீர் எடுத்துப் போங்கள், ஒன்பது மணிக்குள் இறங்கிவிடுங்கள். மலையில் இப்போது மரங்கள் வளர்ந்துவிட்டன, ஆனாலும் கோயில் முழுதாகத் தெரிகிற இடங்கள் இருக்கின்றன. உங்களோடு வருபவர்களில் யாராவது இருட்டுக்குப் பயந்தால் கேலி செய்யாதீர்கள், பகலிலேயே எல்லாவற்றையும் முடித்துக்கொள்ளுங்கள்.

இதை எழுதி முடித்து அக்காவுக்கு வாசித்துக் காட்டினேன். மாமாவும் பக்கத்தில் இருந்தார். முழுதும் கேட்டுவிட்டு, "தெக்கு கோபுரத்தை விட்டுட்டியே" என்றாள் அக்கா. "அது உச்சியில கலசத்துக்குக் கீழ ஒரு அரசங்கன்னு முளைச்சிருந்துது. நாலே நாலு எலை. காத்துல ஆடிக்கிட்டிருந்துது."

நான் அதைப் பார்க்கவே இல்லை.