சட்டைக்குள் இருந்த மைக்

படம் பிடிக்கிறவள் வாயைத் திறக்கக் கூடாது. கேள்வி கேட்கக் கூடாது, யோசனை சொல்லக் கூடாது, நடப்பதை நடக்கிறபடியே எடுக்க வேண்டும். இருபது வருடமாக நான் ஆவணப்படம் எடுப்பது இப்படித்தான். சுவரில் இருக்கும் பல்லிகூட எப்போதாவது சத்தம் கொடுக்கும், நான் அதுவும் கிடையாது. அதில் எனக்குக் கொஞ்சம் திமிரும் உண்டு.

கும்மிடிப்பூண்டியில் இரும்பு உருக்கும் ஆலை ஒன்றில் உலையடியில் வேலை பார்த்தவரையும் அவர் மனைவியையும் இரண்டு வருடம் எடுத்தேன். எளாவூரில் அவர்கள் வீடு. காலையில் போனதும் அவர் சட்டைக்குள் ஒரு சின்ன மைக்கை மாட்டிவிடுவேன். கொஞ்ச நேரத்தில் அவர் அதை மறந்துவிடுவார்.

இருமல் நிற்கவில்லை என்று ஒரு நாள் டாக்டரைப் பார்க்கப் போனார். கேமராவை மூடிவிட்டு நான் வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். மைக் அவர் சட்டையில், ஹெட்போன் என் காதில். நுரையீரல் கெட்டுவிட்டது, இனி உலைப் பக்கம் போனால் உயிருக்கு உத்தரவாதம் இல்லை என்று டாக்டர் சொன்னது தெளிவாகக் கேட்டது. ஹெட்போனைக் கழற்றியிருக்கலாம், கழற்றவில்லை.

சாயங்காலம் வீட்டில் கேமரா ஓடிக்கொண்டிருந்தது. வெறும் சளிதான், மாத்திரை கொடுத்திருக்கிறார் என்று மனைவியிடம் சொன்னார். அவள் நம்பாமல் என் பக்கம் திரும்பினாள்.

"நீயும்தான கூட போன, அக்கா. இன்னா சொன்னாரு?"

அவர் என்னைப் பார்த்தார். நான் கேமராவிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. அவர் சொல்ல வேண்டிய விஷயம், எனக்கென்ன என்று சமாதானம் சொல்லிக்கொண்டேன். நல்ல காட்சி என்றுகூட மனதுக்குள் ஓடியது. இதை எழுதவே வெட்கமாக இருக்கிறது. மறுநாள் அவள் சோறு கட்டிக் கொடுத்து அவரை ஷிஃப்டுக்கு அனுப்பினாள். அதிலிருந்து எட்டாவது மாதம் அவர் இறந்துபோனார்.

யாரை எடுத்தேனோ அவர்களுக்குத்தான் படத்தை முதலில் காட்டுவேன். அவள் வீட்டிலேயே லேப்டாப்பில் போட்டேன். டாக்டர் பேசியதைச் சேர்க்கவில்லை. அந்தச் சாயங்காலக் காட்சி வந்ததும் நிறுத்தச் சொன்னாள். திரையில் அவர் கண் என் மீது இருந்தது. உனக்குத் தெரியுமா என்று கேட்டாள். தெரியும் என்றேன்.

அவள் என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

"லீவு போடறேன்னுதான்க்கா தெனம் சொல்லுவாரு. நான்தான் எழுப்பி எழுப்பி அனுப்பிக்கினு இருந்தேன்."