முதுகில் விழாத அடி

விழுப்புரத்தில் ஒரு ஹோமில் வளர்ந்தவள் நான். எட்டாம் வகுப்பு முடிந்த லீவில் திண்டிவனத்துக் குடும்பம் ஒன்று என்னை அழைத்துப் போனது. தத்து இல்லை, வளர்ப்பு; மாசாமாசம் ஆபீசரம்மா ஒருவர் வந்து என்னைப் பார்த்துவிட்டுப் போவார். அந்த வீட்டில் என் வயசிலேயே ஒரு மகள் இருந்தாள். கட்டில் எனக்கு, பாய் அவளுக்கு. முதல் தோசையும் எனக்குத்தான். அவள்தான் பொறாமைப்பட்டிருப்பாள் என்று நினைப்பீர்கள். கிடையவே கிடையாது. வயிறெரிந்தது எனக்கு.

அவள் திட்டு வாங்குவாள். காலையில் கண் விழித்ததிலிருந்து வாங்குவாள். "எருமமாடே, மணி என்னாவுது, இன்னும் தூங்கிக்கினு கீற?" என்று அவளுடைய அம்மா கத்துவார். சாப்பிட்ட தட்டைப் போட்டுவிட்டு எழுந்தால், "உன் மாமியாளா வந்து கழுவுவா?" என்று ஒரு குட்டு விழும். அவள் சிரித்துக்கொண்டே ஓடுவாள். ஹோம் பழக்கத்தில் நான் என் தட்டையும் அவள் தட்டையும் சேர்த்துக் கழுவிவிடுவேன். "உனக்கு எதுக்கும்மா இதெல்லாம்? நீ போய் படி" என்பார், விருந்தாளியிடம் பேசுகிற மாதிரி. எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

ஒரு நாள் வேண்டுமென்றே தட்டை அப்படியே விட்டேன். சத்தமில்லாமல் எடுத்துக் கழுவினார். குழம்புச் சட்டியைப் போட்டு உடைத்தேன். "கால்ல குத்திக்கப் போவுது, நவுந்துக்கோ கண்ணு" என்றார். கண்ணாம் கண்ணு!

அவளும் நானும் ஒரே பள்ளிக்கூடம். ஒரு சாயங்காலம் அவளுக்குத் தெரியாமல் நழுவிப் போய் பஸ் ஸ்டாண்டில் உட்கார்ந்துகொண்டேன். இன்றைக்காவது திட்டு விழாமலா போகும்? விளக்குப் போடுகிற நேரத்தில் அம்மா மகளையும் இழுத்துக்கொண்டு ஓடி வந்தார். காலில் செருப்பில்லை. என்னைத் தலையிலிருந்து கால்வரை தடவிப் பார்த்தார். பிறகு கையை ஓங்கினார். நான் குனிந்து நின்றேன்.

அடி விழுந்தது அவள் முதுகில். "கூட வந்தவள உட்டுட்டு நீ மட்டும் எப்டிடி வூட்டுக்கு வந்த?"

"தப்பு பண்ணது நானு! என்ன அடிங்க!" என்று ஸ்டாண்டே திரும்பிப் பார்க்கும்படி கத்தினேன்.

அம்மா அப்படியே பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார். "உன்மேல கை வச்சேன்னு தெரிஞ்சா, மாசாமாசம் வர்ற ஆபீசரம்மா உன்னத் திருப்பி இட்டுக்கினு பூடுவாங்க. சத்தமா பேசக்கூட பயந்துக்கினு கீறேன்" என்று அழுதார்.

வீட்டுக்கு நடக்கும்போது என் கையை அவர் விடவே இல்லை. முன்னால் அவள் முணுமுணுத்துக்கொண்டே முதுகைத் தேய்த்தபடி போனாள். எனக்கு அப்போதும் அந்த முதுகின் மேல்தான் பொறாமை. அவளை எவ்வளவு அடித்தாலும் யாரும் வந்து கூட்டிக்கொண்டு போய்விட மாட்டார்கள்.