செவலை சோறு தின்ற வேகம்

எங்கள் வீட்டு நாய் செவலை சோறு தின்னும் வேகம் கன்னிவாடிப் பக்கம் பிரசித்தம். அந்தப் புகழுக்குக் காரணம் சித்தப்பா. பூ மூட்டை இறக்கத் திண்டுக்கல் போனவர், ஒரு பிரியாணிக் கடையின் பின்புறம் எலும்புக்காக மற்ற நாய்களிடம் கடிபட்டுக்கொண்டிருந்த அதைப் பார்த்து, வண்டியில் தூக்கி வைத்துக்கொண்டு வந்துவிட்டார். எங்களிடம் வந்த பிறகும் செவலை எதையும் மென்றதாக எனக்கு நினைவில்லை. அப்படியே விழுங்கும், பிறகு இருமும். எங்களுக்கு அதில் ஒரே பெருமை.

சித்தப்பா அதை வித்தையாகவே ஆக்கிவிட்டார். யார் வந்தாலும் சொம்புத் தண்ணீரை அண்ணாந்து குடிக்க ஆரம்பிப்பார். அவர் குடித்து முடிப்பதற்குள் செவலை தட்டைக் காலி செய்ய வேண்டும். அது தோற்றதே இல்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை பூ வியாபாரி ஒருவர் வந்திருந்தார். வீட்டில் கோழிக் குழம்பு. சித்தப்பா எலும்பும் சோறுமாகப் பிசைந்து வைத்துவிட்டு, "இப்பப் பாருங்கண்ணே" என்று சொம்பைத் தூக்கினார். பாதித் தட்டில் செவலை நிறுத்தியது. வாயைப் பிளந்தபடி முன்னங்காலால் மூஞ்சியைப் பிறாண்டிக்கொண்டு வட்டமாகச் சுற்றியது. ஆட்டமும் கற்றுக்கொண்டுவிட்டது என்று நான் கைதட்டினேன். வியாபாரியும் சிரித்தார். சித்தப்பா இன்னும் அண்ணாந்துதான் இருந்தார்.

அடுப்படியிலிருந்து ஓடி வந்தது அத்தை. சித்தப்பாவுக்கு அக்கா, அப்பாவுக்குத் தங்கை. பழனிப் பக்கம் கட்டிக்கொடுத்த வீட்டை விட்டு, இனிப் போவதில்லை என்று திரும்பி வந்து கொஞ்ச நாள்தான் ஆகியிருந்தது. செவலையைத் தொடைகளுக்கு நடுவில் இடுக்கி, வாய்க்குள் கையை விட்டு, ஒரு கழுத்தெலும்பை இழுத்துப் போட்டாள். நாய்க்கு மூச்சு வந்தது. அத்தையின் விரலில் ரத்தம் வந்தது. நான் பயந்து அழுதுவிட்டேன்.

"வித்தை காட்டி முடிச்சாச்சாடா?" என்றாள் சித்தப்பாவிடம். "அது பயந்து திங்குது. புடுங்கிருவாகன்னு திங்குது. ஒனக்கு வெளாட்டா இருக்கு."

சித்தப்பா அத்தையை ஊசி போடக் கூட்டிப்போனார். மறுநாள் செவலையை மாட்டாஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். இப்படி விழுங்கும் நாய் தொண்டை அடைத்தும் சாகும், காற்றையும் சேர்த்து விழுங்கி வயிறு உப்பியும் சாகும், கொஞ்சம் கொஞ்சமாக வையுங்கள் என்றாராம் டாக்டர். அதற்குப் பிறகு அத்தையே செவலையின் பக்கத்தில் உட்கார்ந்து, கைப்பிடி கைப்பிடியாகச் சோறு வைத்தாள். "மெதுவாத் தின்னு. இங்கன யாரும் வெரட்ட மாட்டாக."

அந்த வாரமே அம்மாவும் மாறினாள். அத்தை எப்போதும் அடுப்படியில் நின்றபடியே, நாங்கள் குழம்பு ஊற்றிப் பிசைவதற்குள் சாப்பிட்டுத் தட்டைக் கழுவிவிடுவாள். இப்போது அம்மா அவளைப் பிடித்து உட்காரவைத்து, தானும் எதிரில் உட்கார்ந்து, ஒரு கரண்டி சோறு போட்டுவிட்டு ஊர்க்கதை பேசினாள். அது தீர்ந்தால் இன்னொரு கரண்டி.

எனக்கு அத்தையைப் பார்க்கப் பாவமாக இருந்தது. அப்பாவிடம் போய், "அம்மா அத்தைக்குச் சோத்த அளந்து அளந்து போடுதுப்பா" என்று கோள் சொன்னேன். அம்மாவுக்கு இன்றைக்கு இருக்கிறது என்று பின்னாலேயே போனேன். அப்பா அடுப்படி வாசலில் நின்று அவர்கள் இருவரும் சாப்பிடுவதைச் சிறிது நேரம் பார்த்தார். பிறகு துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டு தோட்டத்துப் பக்கம் நடந்தார்.

அடுப்புப் புகை பட்டிருக்கும் என்று நினைத்துக்கொண்டேன். எங்கள் வீட்டுக்கு கேஸ் அடுப்பு வந்து வெகுகாலம் ஆகியிருந்தது.