ஒற்றைக் கொம்பில் நீலம்

மாடு எங்கள் கொட்டகையில்தான் நின்றது. ஆனால் எங்கள் மாடு இல்லை. வழக்கு முடியும்வரை அது கோர்ட்டு மாடு. நாங்கள் பார்த்துக்கொள்கிறோம், அவ்வளவுதான். வக்கீல் அப்படித்தான் சொன்னார்.

நான் ஆம்பூரில் ஷூ கம்பெனியில் தையல் மிஷினில் இருக்கிறேன். வீடு ஆலங்காயம் பக்கம். வீட்டுக்காரர் நிலத்தைப் பார்க்கிறார். கிருஷ்ணகிரிப் பக்கம் ஒரு சந்தையில் சினை மாடு வாங்கினோம். செவலை. நெற்றியில் வெள்ளைப் பொட்டு. தனி வண்டி பிடிக்காமல், இந்தப் பக்கம் வந்த லாரியில் மற்றவர்கள் மாடுகளோடு ஏற்றிவிட்டார் வீட்டுக்காரர். எல்லோரும் அப்படித்தான் ஏற்றுவார்கள். நாட்றம்பள்ளியில் போலீஸ் லாரியை நிறுத்தியது.

நெருக்கி ஏற்றியிருந்தார்கள். கழுத்துக் கயிற்றைக் குட்டையாகக் கம்பியில் கட்டியிருந்தார்கள். படுக்க இடம் இல்லை. தண்ணீர் இல்லை. போலீஸ் சொன்னது பொய் இல்லை. மிருகவதை என்று வழக்கு எழுதினார்கள். மாடுகள் எல்லாம் கோசாலைக்குப் போயின.

ஞாயிற்றுக்கிழமைகளில் போய்ப் பார்த்தேன். தீனி போட்டு நன்றாகத்தான் வைத்திருந்தார்கள். குறை சொல்ல மாட்டேன். ஆனால் மாட்டுக்கு மடி இறங்கிக்கொண்டே வந்தது. கன்று அங்கே பிறந்தால் அதுவும் அங்கேயே நின்றுவிடும் என்று பயம். வழக்கு எப்போது முடியும் என்று ஒருவருக்கும் தெரியவில்லை.

தீர்ப்பு வரும்வரை மாட்டை எங்களிடம் விடச் சொல்லி வக்கீல் மனு போட்டார். கோசாலைக்காக வந்த வக்கீல் எழுந்து, "இவங்க தோல் தைக்கிறவங்க மேடம். இவங்க கையில மாட்டக் குடுத்தா அது இன்னா ஆவும்?" என்று கேட்டார்.

நீதிபதி அம்மா என்னைப் பார்த்தார்.

"தோல்தான் தைக்கிறீங்களாம்மா?"

"ஆமாங்கம்மா. எங்க ஊர்ல பாதிப்பேரு அதான் தைக்கிறாங்க."

பின்னால் யாரோ சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை. கால்நடை டாக்டர் கொடுத்த சான்றைப் படித்தார். "நெறமாச சினை. இத வெட்டறதுக்கா வாங்குவாங்க?" என்று அந்த வக்கீலைக் கேட்டார். பிறகு எழுதினார்.

மாடு வந்தது. கூடவே நிபந்தனைகளும் வந்தன. விற்கக் கூடாது. கைமாற்றக் கூடாது. கூப்பிட்டால் கொண்டுவந்து நிறுத்த வேண்டும். அடையாளம் எதையும் மாற்றக் கூடாது. போலீஸ் மாட்டை நாலு பக்கமும் படம் எடுத்து வைத்துக்கொண்டது. மீறினால் மாடு திரும்பக் கோசாலைக்கு.

எதிர் வீட்டு அக்கா வேலிக்கு அந்தப் பக்கம் நின்று தினமும் கேட்பார். "இன்னாடி, உன் கோர்ட்டு மாட்டுக்கு எழுந்து நின்னு கும்புடு போடணுமா?"

"போட்டுட்டுப் போக்கா. ஜட்ஜம்மா சந்தோசப்படுவாங்க."

மாட்டுப் பொங்கல் வந்தது. நான் அடுப்பில் இருந்தேன். வீட்டுக்காரர் மாட்டைக் கழுவினார். வருசா வருசம் செய்கிற வேலை, யாரும் யோசித்துச் செய்வதில்லை. கண்ணாடிச் சில்லால் கொம்பைச் சுரண்டினார். பெயிண்ட் டப்பாவைத் திறந்தார். நான் பொங்கல் எடுத்துக்கொண்டு கொட்டகைக்குப் போனபோது ஒரு கொம்பு பளபளவென்று நீலமாக இருந்தது. பிரஷ் அடுத்த கொம்புக்குப் போய்க்கொண்டிருந்தது.

"யோவ், நிறுத்துய்யா!"

"இன்னாமே?"

"அடையாளம் மாத்தக் கூடாதுன்னு வக்கீல் படிச்சிப் படிச்சி சொன்னாரே!"

அவர் பிரஷைப் பிடித்தபடியே நின்றார். நீலம் சொட்டு சொட்டாக அவர் காலில் விழுந்தது. மாடு தலையை ஆட்டிக்கொண்டிருந்தது.

துணியால் துடைத்தார். போகவில்லை, பூசிக்கொண்டது. உன் கம்பெனியில் பெயிண்டைக் கரைக்கிற தின்னர் இருக்கிறது. கொண்டுவந்து துடைக்கலாம் என்றார். மாட்டுக் கண்ணுக்குப் பக்கத்தில் அந்தக் காட்டம் வேண்டாம் என்றேன். பொங்கலை அதன் வாயில் ஊட்டிவிட்டேன். நான் சாப்பிடவில்லை.

வக்கீலுக்குப் போன் போட்டேன். விஷயத்தைச் சொன்னேன். "அவங்களா வந்து பாக்கறதுக்கு முன்னாடி நீங்களே போய் சொல்லிடுங்கம்மா" என்றார்.

லீவு சொல்லிவிட்டு மறுநாள் நாட்றம்பள்ளி ஸ்டேஷனுக்குப் போனேன். லாரியை நிறுத்திய அதே ஏட்டய்யா இருந்தார். சொன்னேன். ஒரு கொம்புதான், மற்றது அப்படியே இருக்கிறது என்றும் சொன்னேன். அவர் என் முகத்தைப் பார்த்தார்.

"அதுக்கா இவ்ளோ தூரம் வந்தீங்க? சரி, போங்க. வந்து பாக்கறேன்."

என்ன நினைத்தார் என்று தெரியவில்லை.

சாயங்காலம் பைக்கில் வந்தார். வீட்டுக்காரர் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். ஏட்டய்யா போனில் பழைய படத்தை எடுத்து, மாட்டைச் சுற்றி வந்தார். காதில் மாட்டியிருந்த மஞ்சள் தோட்டின் நம்பரைப் பார்த்தார். நெற்றிப் பொட்டைப் பார்த்தார். நீலக் கொம்பை விரலால் தொட்டார்.

"எங்க வூட்லயும் நேத்து அடிச்சோம். பச்சை" என்றார்.

போனைச் சட்டைப் பையில் போட்டார்.

"பெயிண்ட் அடிச்சா மாடு வேற மாடா ஆயிடுமாம்மா? அதே மாடுதான்னு நான் எழுதிடறேன்." பைக்கில் ஏறி உட்கார்ந்து, வீட்டுக்காரரைப் பார்த்துச் சொன்னார். "அந்த இன்னொரு கொம்பையும் அடிச்சிடுய்யா. பாக்கவே பேஜாரா கீது."

அவர் போனதும் வீட்டுக்காரர் மாட்டுக்குத் தண்ணீர் காட்டினார். நான் உள்ளே போய் நேற்றைய பொங்கலைச் சூடு பண்ணிச் சாப்பிட்டேன்.

இன்னொரு கொம்புக்கு நீலம் அடிக்கவில்லை. பயத்தினால் இல்லை. வழக்கு முடிந்த பிறகு அடித்துக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டோம்.

தை முடிவதற்குள் கன்று போட்டது. பெண் கன்று, கிடேரி. அம்மாவைப் போலவே நெற்றியில் பொட்டு. வக்கீலிடம் சொன்னேன். ஏட்டய்யாவுக்கும் போன் பண்ணினேன். கன்றுக்கும் படம் எடுக்க வருவீர்களா என்று கேட்டேன்.

"மொதல்ல அதுக்குக் கொம்பு மொளைக்கட்டும்மா" என்று சொல்லி வைத்துவிட்டார்.

வழக்கு இன்னும் நடக்கிறது. வாய்தாவுக்கு வாய்தா போகிறோம். மாடு கொட்டகையில் நிற்கிறது. அது போதும்.

கன்று போட்ட அன்று சீம்பால் காய்ச்சி, எதிர் வீட்டு அக்காவுக்கும் ஒரு கிண்ணம் கொண்டுபோனேன்.

"கோர்ட்டுப் பாலா?" என்றார்.

"ஆமாக்கா. குடி" என்றேன்.