மிட் கிளமோர்கனில் ஒரு செத்தவீடு

லண்டனில் தெரிந்த ஒருவரின் செத்தவீடு முடிந்து, மோர்டன் பக்கத்துச் சுடலையிலிருந்து வெளியேறி நடந்துகொண்டிருக்கிறேன். யாரிடமும் சொல்லிக்கொள்ளவில்லை. செத்தவீட்டில் சொல்லிக்கொண்டு புறப்படுவதில்லை என்பது எங்கள் வழக்கம். இப்போது அதை வைத்திருப்பவன் நான் ஒருவன்தான் போலிருக்கிறது. கேற்வரை பின்னால் வந்த சிநேகிதன் சிறி கத்தினான்: "டேய், நில்லடா! ஹோலில சாப்பாடு இருக்கு. சோறு வேண்டாமெண்டா ஒரு சான்விச்சாவது தின்னன்."

கையை அசைத்துவிட்டு நடந்தேன். சான்விச் என்ற சொல் போதும், மழையில் நனைந்த கம்பளிக் கோட்டின் மணம் மூக்கில் ஏறிவிடும்.

அந்த மணம் மிட் கிளமோர்கனுடையது. இன்றைய வரைபடத்தில் தேடாதீர்கள், கிடைக்காது. வேல்ஸில் ஒரு பழைய மாவட்டத்தை மூன்றாக வெட்டி, நிலக்கரிப் பள்ளத்தாக்குகளை அள்ளிப்போட்ட துண்டு அது. இருபது சொச்சம் வருடம்தான் உயிரோடு இருந்தது. அதன் தலைமை அலுவலகம்கூடப் பக்கத்து மாவட்டத்தில், கார்டிஃப் நகரத்தில். சொந்த மண்ணில் இருக்க இடமில்லாத மாவட்டம்! அங்கே என்னோடு இருந்த குகன் அண்ணைக்கு அதில் ஒரு சந்தோசம். "தம்பி, இதுவும் எங்களை மாதிரி அகதிதான்" என்பார்.

நான் போனபோது சுரங்கங்கள் அநேகமாக மூடிக்கிடந்தன. மாவட்டத்தையும் மூடப்போகிறார்கள் என்று பேச்சு. மலைச்சரிவில் ஒரு கோழிப்பொரியல் கடை, மேலே ஓர் அறை, அதில் நானும் அண்ணையும். அவர் ஜேர்மனியில் இருந்துவிட்டு வந்தவர். நான் எங்கெங்கோ இருந்துவிட்டு வந்தவன். எட்டாம் வகுப்பைத் தாண்ட முடியாத எனக்கு எல்லைகளைத் தாண்டுவது சுலபமாக இருந்தது. எதிர்வீட்டில் டாய் என்ற கிழவர், மூடிய சுரங்கத்தில் வேலைசெய்தவர். இருமிக்கொண்டே வந்து சிப்ஸ் வாங்குவார், வினாகிரி காணாதென்று திட்டுவார்.

போரில் யாழ்ப்பாணமே இடம்பெயர்ந்த மாரிகாலம் அது. அண்ணைக்கு மனைவி பிள்ளைகள் எங்கே என்று தெரியவில்லை. நெஞ்சைத் தடவியபடி பகிடி விடுவார்: "நான் செத்தா ஆர் தூக்கிறது? ஒரு முனை நீ. மற்ற முனைக்கு ஃபிரிட்ஜை முட்டுக் குடுக்கிறதோ?"

"விசர்க்கதை கதையாதேங்கோ அண்ணை."

ஒரு காலை, உருளைக்கிழங்கு சீவிக்கொண்டிருந்தபடியே சரிந்தார். ஆஸ்பத்திரி போகுமுன்பே முடிந்துவிட்டது.

அந்தப் பகிடி என்னைப் பிடித்துக்கொண்டது. தூக்க உறவில்லாமல், கூலிக்கு வந்தவர்களின் கையில் ஒரு மனிதன் போவதைவிடக் கேடு எங்களிடம் இல்லை. லண்டனில் இருந்த சிநேகிதர்களுக்குத் தொலைபேசி எடுத்தேன். ஒருவனுக்கு ஷிப்ட், இன்னொருவனுக்கு விசாப் பயம். பெட்டி வந்தபோது தெருவில் நான் மட்டும் நின்றேன்.

டாய் கறுப்புக் கோட்டோடு தெருவைக் கடந்து வந்தார். "மற்றப் பக்கம் யார் பிடிக்கிறது?" என்றார். கையை விரித்தேன். "அதை நீ எங்களிடம் கேட்டாயா, மடையா?" என்று திரும்பிப் பார்த்தார். கதவுகள் திறந்தன. ஒவ்வொரு கதவாலும் கறுப்புக் கோட்டுப் போட்ட ஆண்கள் இறங்கினார்கள். பெண்கள் வாசற்படியோடு நின்றார்கள், ஒருத்தியும் கீழே கால் வைக்கவில்லை. எங்கள் பெண்களும் வாசல் படலையோடு நின்றுவிடுவார்கள்; சுடலைக்கு ஆண்கள்தான். நிலக்கரிக்காரருக்கும் அதே சட்டம்!

ஆறு தோளில் அண்ணை போனார். சுடலையில் தேவாரத்தின் இரண்டாம் வரியோடு எனக்கு நினைவு அறுந்துபோனது. டாய் தொண்டையைச் செருமித் தங்கள் பாட்டை எடுத்துக்கொடுத்தார். இருமல்காரர்கள் அத்தனை பேரும் பாடினார்கள்.

இவ்வளவும் எங்களைப் போல இருந்தவர்கள் மற்றதிலும் எங்களைப் போலத்தான் என்று நினைத்துவிட்டேன். திரும்பி வந்ததும் எல்லோரும் கடை வாசலில் கூடினார்கள். நல்ல மழை. செத்தவீட்டில் அடுப்பு மூட்டுவதில்லை. வா என்பதுமில்லை, போ என்பதுமில்லை. அவரவர் வீட்டுக்குப் போய் முழுகுவார்கள் என்ற நினைப்பில் நான் பேசாமல் உள்ளே போய்க் கதவைச் சாத்தினேன். முழுகிவிட்டு ஜன்னலால் பார்த்தால், தொப்பியைக் கையில் பிடித்தபடி இன்னும் நின்றார்கள்.

பின்னேரம் டாயின் மனைவி ஒரு தட்டோடு வந்தார். பன்றி இறைச்சி சான்விச்.

"தூக்கினவர்களுக்கு நீ கொடுத்திருக்க வேண்டியது இது. எங்களிடம் செத்தவன் வீடுதான் தேநீர் கொடுக்கும்."

"எங்களிடம் அன்றைக்கு அடுப்பே எரியாது" என்றேன்.

தட்டை மேசையில் வைத்தார். "அதை டாயிடம் போய்ச் சொல். நனைந்து வந்து மூச்செடுக்க முடியாமல் கிடக்கிறார்."

போய்ச் சொன்னேன். டாய் சுவர்ப்பக்கமாகத் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

அன்றே மலையிறங்கினேன். டாய் அந்தக் கிழமைக்குள்ளேயே போய்விட்டார் என்று கடை முதலாளி பிறகு சொன்னார். அவருடைய பெட்டிக்குப் பின்னால் நடக்க நான் அங்கே இருக்கவில்லை. வசந்தம் வந்ததும் மாவட்டத்தையும் கலைத்தார்கள், பலகைகளில் இருந்து பெயர் போனது. இப்போது அங்கேயும் பெண்கள் சுடலைவரை வருகிறார்களாம், சற்றுமுன் மோர்டனில் வந்திருந்ததுபோல. படியில் நிற்பதற்கு ஆளில்லை. நல்லதுதான். அண்ணையின் மனைவி எந்தப் படலையில் நின்றார் என்பது இன்றுவரை தெரியாது.

மலையிறங்கியவன் வெம்பிளியில் ஒரு சிநேகிதனின் அறையில் படுத்தேன். விடிய அவன் என்னை ஒரு தொழிற்சாலைக்குக் கூட்டிப்போனான். கையுறை தந்தார்கள். முன்னால் சான்விச்சுக்கு வெட்டிய பாண் துண்டுகள் ஓடிவந்தன. ஒவ்வொன்றிலும் ஒரு துண்டு பன்றி இறைச்சி வைக்க வேண்டும். வைத்தேன்.