கவரைப்பேட்டையில் பொங்கிய மாவு

எங்கள் அப்பாவுக்கு மெஷின் என்றால் உயிர். கும்மிடிப்பூண்டியில் இரும்புக் கம்பெனியில் வேலை. டிரான்சிஸ்டர், சைக்கிளுக்கு டைனமோ விளக்கு, டேபிள் ஃபேன் என்று தெருவில் எது புதிதாக வந்தாலும் முதலில் எங்கள் வீட்டுக்குத்தான் வரும். "மனுசன் கை தப்பு பண்ணும், மெஷின் பண்ணாது" என்பது அவருடைய வேதவாக்கு. வந்ததெல்லாம் அவருக்குத்தான் சுகம் என்பதை அம்மா மட்டும் கவனித்து வைத்திருந்தாள்.

நான் ஆரம்பப் பள்ளியில் படித்த வருஷம் அம்மாவுக்கு ஒரு கம்பெனியில் பேக்கிங் வேலை கிடைத்தது. அப்பா நேராக வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆட்டுக்கல்லைக் காட்டினார்.

"நீ போய்ட்டா மாவு யாரு ஆட்றது?"

"கிரைண்டர் வாங்கினா ஆச்சு."

"இன்னா இருந்தாலும் கையால ஆட்ன மாவு மாதிரி வருமா?"

மெஷின் பக்தர் திடீரென்று கட்சி மாறியதில் எனக்கே ஆச்சரியம். கை மாவு இட்லி ஒரு தட்டு, மெஷின் மாவு இட்லி ஒரு தட்டு வைக்கிறேன், எது எதுவென்று சரியாகச் சொல்லிவிட்டால் வேலைக்கே போகவில்லை என்றாள் அம்மா. அப்பா சிரித்துக்கொண்டே சம்மதித்தார்.

ஞாயிற்றுக்கிழமை அவர் ஷிப்டுக்குக் கிளம்பியதும், ஊறவைத்த அரிசி உளுந்தோடு என்னையும் இழுத்துக்கொண்டு பொன்னேரிக்கு ரயிலேறினாள். அங்கே பெரியம்மா வீட்டில் கிரைண்டர் இருந்தது. சாயங்காலம் திரும்பும்போது மாவுத் தூக்கு என் மடியில். அன்றைய வெயிலுக்கு மாவு நன்றாகப் புளித்துவிட்டது. கவரைப்பேட்டை வருவதற்குள் பொங்கி மூடியைத் தள்ளியது. என் புதுப்பாவாடை நாசம்.

"பேஜாரு பண்ணாத, கெட்டியா புட்சிக்கோ. அப்பாகிட்ட மூச்சு உடக்கூடாது" என்றாள் அம்மா. முகமெல்லாம் சிரிப்பு.

இரவு இரண்டு தட்டு வைத்தாள். அப்பா பிட்டார், முகர்ந்தார், கண்ணை மூடி மென்றார். ஒரு தட்டைத் தள்ளிவிட்டார்.

"இது மெஷின். ரப்பரு மாதிரி கீது. இதான் கையால ஆட்னது. இன்னா மெதுவு பாரு!"

"ரெண்டுமே மெஷின்தாங்க. இன்னிக்கு நான் கல்லயே தொடல."

அப்பா என்னைப் பார்த்தார். நான் பாவாடையைப் பார்த்தேன். பிறகு அந்த ரப்பர் இட்லியில் இன்னும் இரண்டு கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். அடுத்த வாரமே கிரைண்டர் வந்தது. எல்லாம் தன் யோசனைதான் என்று தெரு முழுக்கச் சொன்னதும் அவரே.

அம்மா வேலைக்குக் கிளம்பிய முதல் நாள் நான் வாசலில் நின்றேன். கம்பெனி பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்தவள் நேராக முன்னால் பார்த்துக்கொண்டிருந்தாள். என் பக்கம் திரும்பவே இல்லை. ஆனாலும், இனிமேல் கை வலிக்காமல் தினமும் இட்லி கிடைக்கும் என்றுதான் அம்மா இத்தனை பாடுபட்டாள் என்று அந்த வயதில் நினைத்து, பஸ் மறைகிறவரை கையாட்டினேன்.